மீதிப் பாலம்

பாலம் வந்தால் சொல்ல வேண்டும். சுரங்கம் வந்தால் சொல்ல வேண்டும். பெயர் சொல்லிக் கூப்பிட்டு, இன்ன இடம் வந்திருக்கிறது, பயப்படாதே, கூடவே வா என்று வாய்விட்டுச் சொல்ல வேண்டும். மறந்தால் உடம்பு மட்டும் வீட்டுக்கு வந்து சேரும், உயிர் ஆற்றுக்கு அந்தப் பக்கமே வழி தெரியாமல் நின்றுவிடும். காலையிலிருந்து மெய்யுன் போனில் இதைத் திருப்பித் திருப்பிச் சொல்லிக்கொண்டிருந்தாள். மெய்யுன், பெங்கின் மனைவி சியூயுனின் அக்கா. குவான்சியில் இருக்கிற பழைய வீட்டைக் கழுவிவிட்டு, முன்கூடத்தில் பலகை போட்டு, சாமி மாடத்தைச் சிவப்புத் தாளால் மறைத்துவிட்டுத் தங்கைக்காகக் காத்திருக்கிறாள். "மத்ததெல்லாம் நான் பாத்துக்கறேன் பெங். உங்களுக்கு ஒரே ஒரு வேலைதான். வாயத் தொறந்து சொல்லணும். ஆயுசு பூரா இருட்டு ரூம்ல வாயத் தொறக்காம உக்காந்திருந்த ஆளு நீங்க, அதான் எனக்குப் பயமா இருக்கு." பெங் சரி என்றார். தைவான் சினிமாவில் அவர் பெயரைச் சொன்னால் எழுந்து நிற்கிறவர்கள் இன்னும் நாலு பேராவது இருக்கிறார்கள். அவர் என்னவோ பரீட்சைக்குப் போகிற பிள்ளை மாதிரி சரி, சரி என்று தலையாட்டிக்கொண்டே ஆம்புலன்ஸில் ஏறினார். ஏறும்போது முழங்கால் கெஞ்சியது. வாரக்கணக்காக ஆஸ்பத்திரி நாற்காலியில் தூங்கிய முழங்கால். சாய்வு நாற்காலி என்று பெயர், சாயாது. தூக்கம் என்று பெயர், அதுவும் அப்படித்தான். வீட்டுக்குப் போய்த்தான் கண்ணை மூட வேண்டும் என்பது அந்த நாட்டில் எல்லோருக்கும் உள்ள ஆசை, ஆஸ்பத்திரிக்காரர்களுக்கும் தெரிந்த ஆசை. அதனால் இனிமேல் எங்களால் ஆவது ஒன்றுமில்லை என்பதை டாக்டர் நேராகச் சொல்வதில்லை, வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போகிறீர்களா என்று கேட்பார். நேற்று கேட்டார். தொண்டைக்குள் போகிற குழாயின் முனையில் ஒரு ரப்பர் பையை மாட்டி, அதைக் கையால் அமுக்கி அமுக்கி, ஒரே ஒரு மூச்சையாவது வீட்டு வாசல் வரைக்கும் மிச்சம் வைத்துக்கொண்டு போவார்கள். அங்கே பலகையில் கிடத்தி, வீடு வந்துவிட்டது என்று காதில் சொல்லி, குழாயை எடுத்துவிடுவார்கள். அதுவரைக்கும் மூச்சு தாங்க வேண்டும், வழியில் இவர் வாயைத் திறந்து சொல்ல வேண்டும், அவ்வளவுதான் காரியம். பிள்ளை குட்டி இருந்திருந்தால் அவர்கள் சொல்லியிருப்பார்கள். இல்லை, அதனால் இவர்தான்.

பையை அமுக்குகிற பெண்ணின் பெயர் யாலிங். ஆஸ்பத்திரி அனுப்பியவள். வண்டி ஓட்டுகிறவன் ஆசுங், இதே வேலையாக ஊர் ஊராகப் போகிறவன். வெளியே தூறல். சைரன் இல்லை, இந்த மாதிரிப் பயணத்துக்குச் சைரன் போடுவதில்லை. அமுக்கு, விடு. அமுக்கு, விடு. சியூயுனின் நெஞ்சு அதற்கேற்றபடி ஏறி இறங்கியது. பார்க்கப் பார்க்க யாலிங் ஒவ்வொரு தடவையும் ஒரு இமைப்பொழுது பிந்துகிறாள் என்று பெங்குக்குத் தோன்றியது. இது அவருக்கு வியாதி. யார் எதைச் செய்தாலும் அது எங்கே தொடங்கியிருக்க வேண்டும், எங்கே முடிந்திருக்க வேண்டும் என்று கண் தானாக அளந்துவிடும். கல்யாண விருந்தில் வாழ்த்திப் பேசுகிறவர் எந்த வார்த்தையோடு உட்கார்ந்திருக்கலாம், பக்கத்து வீட்டுக்காரி எந்த இடத்தில் அழுகையை நிறுத்தியிருக்கலாம், எல்லாம் அத்துப்படி. சியூயுன் சண்டை போடும்போதுகூட, இதோ இந்த இடத்தில் கதவை அறைந்து சாத்திவிட்டுப் போனால் நன்றாக இருக்குமே என்று நினைத்துக்கொண்டு நிற்பார். ஒரு தடவை அதை வெளியில் சொல்லியும் தொலைத்தார். அவள் கதவை அறைந்து சாத்திவிட்டுப் போனாள். பிறகு திறந்து தலையை மட்டும் நீட்டி, "இப்ப சரியா இருந்துச்சா?" என்று கேட்டாள். சிரித்தபிறகு எங்கே சண்டை. இப்போது அந்த முகத்தில் பிளாஸ்டர் ஒட்டியிருக்கிறது, உதடு ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டிருக்கிறது. வண்டி மேடேறியது. சிந்தியன் ஆறு. பெங் தொண்டையைச் செருமிக்கொண்டு, "சியூயுன், பாலம். ஆத்தத் தாண்டறோம். கூட வா" என்றார். யாரோ வேற்று மனுஷன் பேசின மாதிரி இருந்தது. முன்னாலிருந்து ஆசுங், "இன்னும் சத்தமா சொல்லுங்க மாமா, கூச்சப்படாதீங்க. இந்த வண்டில ஏறுனா எல்லாரும் சொல்றதுதான்" என்றான். சத்தமாகச் சொன்னார். பிறகு சுரங்கம் வந்தது, அதையும் சொன்னார். சுரங்கத்து மஞ்சள் விளக்குகள் ஒவ்வொன்றாக அவள் முகத்தின் மேல் வந்து வந்து போயின. நல்ல ஷாட், வெட்டாமல் அப்படியே விடலாம் என்று நினைத்தார். நினைத்த மறுகணமே தன்மேல் வெறுப்பு வந்தது. சனியன் பிடித்த கண், இப்போதுகூடச் சும்மா இருக்க மாட்டேனென்கிறது.

அவருடைய வேலை என்னவென்று சொந்தக்காரர்கள் யாருக்கும் கடைசிவரை விளங்கவில்லை. பதினேழு வயதில் பெய்தோவில் ஃபிலிம் வெட்டி ஒட்டுகிற வேலைக்குச் சேர்ந்தார், வெந்நீர் ஊற்று விடுதிகளிலேயே படம் எடுத்து வெந்நீர் ஊற்று விடுதிகளிலேயே தூங்கிய காலம். வெட்டுகிற அறையில் சதா கந்தக நாற்றம். ஊருக்குப் போனால் அம்மா சட்டையை முகர்ந்துவிட்டுத் தலையில் அடித்துக்கொள்வாள். அங்கே அவருக்குக் கிடைத்த முதல் உபதேசம், நடையை வெட்டு என்பதுதான். தயாரிப்பாளர் வாயில் வெற்றிலைப்பாக்கை அதக்கிக்கொண்டு சொல்வார்: "சனங்க டிக்கெட் வாங்கிட்டு வர்றது இவ நடக்கறதப் பாக்கவா? அவங்க வீட்லயே நடந்துக்கிட்டுதான் இருக்காங்க. வெட்டு." கதாநாயகி இங்கே கதவைச் சாத்துவாள், அடுத்த ஷாட்டில் மாமியார் வீட்டில் அழுதுகொண்டிருப்பாள். நடுவில் இருந்த தெரு, படிக்கட்டு, வயல் வரப்பு, ஆற்றுப் பாலம் எல்லாம் கூடையில் கிடக்கும். பெங் அப்படி வெட்டிப்போட்ட நடையையெல்லாம் ஒன்றாக ஒட்டினால் தீவையே ஒரு சுற்று சுற்றி வந்துவிடலாம். பிறகு குங்ஃபூ படங்கள் வந்தன. குத்துகிற கைக்கும் குத்து வாங்குகிற முகத்துக்கும் நடுவில் இரண்டு துண்டை உருவிவிட்டால் அடி இடியாக விழும், உருவ வேண்டிய துண்டு எது என்பதில் அவர் கில்லாடி. பிறகு தணிக்கை அலுவலகத்திலிருந்து கழுத்துப்பட்டை கட்டிய ஒருவர் வந்து பக்கத்தில் உட்கார்ந்து, இந்தக் கிழவி காரணமில்லாமல் இவ்வளவு நேரம் அழக் கூடாது, மக்கள் காரணம் தேடுவார்கள் என்றார், அதையும் வெட்டினார். அப்புறம்தான் கோங் வந்தான். ஒல்லியாக, சிகரெட்டும் கையுமாக, கேமராவை ஒரு இடத்தில் வைத்துவிட்டு மறந்துபோகிறவன் மாதிரி ஒரு இயக்குநர். அவன் படத்தில் ஜனங்கள் நடந்தால் நடந்து முடிக்கிறவரைக்கும் நடப்பார்கள். "நடக்கட்டும் பெங் அண்ணே. எங்க போறாங்களோ போய்ச் சேரட்டும், அப்புறம் வெட்டலாம்." பெங்குக்குக் கை துறுதுறுக்கும். நிஜமாகவே இரண்டு கையையும் தொடைக்கு அடியில் வைத்து உட்கார்ந்துகொள்வார். அந்தப் படங்கள் வெளிநாட்டுக்கெல்லாம் போய்ப் பரிசு வாங்கின, கூடவே பெங்கும் ஒன்றிரண்டு வாங்கினார். மெய்யுனின் புருஷன் அதை விடவே இல்லை. வருஷப் பிறப்புச் சாப்பாட்டில் எல்லோர் முன்னாலும், "ஏம்ப்பா, படத்துலயே மொத்தம் நாப்பது ஷாட்டுதானாமே? அதுக்கு எடிட்டர் எதுக்கு? டேப் வாங்கிக் குடுத்தா டைரக்டரே ஒட்டிக்குவாரே" என்பார். பெங்கும் சேர்ந்து சிரிப்பார். விளக்கிச் சொல்ல வேண்டும் போலத்தான் இருக்கும். ஆயிரம் இடத்தில் வெட்டினால் ஒரு தப்பை இன்னொன்றால் மூடிவிடலாம். நாற்பதே இடத்தில் வெட்டினால் மூடுவதற்குத் துணி கிடையாது. ஆனால் இதைச் சொல்லி முடிப்பதற்குள் மீன் ஆறிவிடும். அலுப்பாக இருக்கும், சிரித்துவிட்டுச் சாப்பிடுவார்.

அமுக்கு, விடு. யாலிங் கை மாற்றிக்கொண்டாள். மணிக்கட்டு வலிக்கிறது போலிருக்கிறது. தண்ணீர் வேண்டுமா என்று கேட்கலாம், அவளுக்குக் கை ஒழிவில்லை, குடிக்க முடியாது. கண்ணாடியில் மழை சாய்வாக ஓடியது. இந்த மழையை எங்கேயோ பார்த்திருக்கிறார். எங்கே என்று யோசிக்கவே வேண்டாம், அந்தத் தொங்குபாலத்தில்தான். கோங்கின் மூன்றாவது படம், மலையடிவாரம், ஆற்றுக்கு மேலே பலகையும் கயிறுமாக ஒரு பாலம். கதாநாயகி நீலச் சட்டையும் குடையுமாக அதைக் கடந்து ஒரேயடியாக ஊரைவிட்டுப் போக வேண்டும். அந்தப் பெண் ஒரு பலகையில் கால் வைத்தாள், கீழே பார்த்தாள், கயிற்றைக் கட்டிக்கொண்டு மாட்டேனென்று உட்கார்ந்துவிட்டாள். வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது. ஃபிலிம் அன்றைக்கு அந்த ஒரு ரோல்தான் பாக்கி. அன்றைக்கென்று பார்த்து வேடிக்கை பார்க்க வந்திருந்தாள் சியூயுன், சாப்பாட்டு டப்பாவோடு. கோங் அவளிடம் ஓடிப்போய், "அண்ணி, முதுகு மட்டும்தான் தெரியும். குடையப் புடிச்சுக்கிட்டு அந்தக் கரை வரைக்கும் போயிடுங்க. திரும்பிப் பாக்கக் கூடாது, அது ஒண்ணுதான்" என்றான். சட்டை தொளதொளவென்று இருந்தது, உள்பக்கமாக ஊக்கு குத்தினார்கள். பெங் கேமராவுக்குப் பக்கத்தில் ஒரு லென்ஸ் பெட்டியின்மேல் உட்கார்ந்திருந்தார். அவள் நடந்தாள். என்ன அழகாக நடந்தாள், அவசரமே இல்லாமல், மார்க்கெட்டுக்குப் போகிற மாதிரி. சரியாக நடுப்பாலத்தில் நின்று திரும்பிப் பார்த்தாள். கோங் நெற்றியில் அறைந்துகொண்டான். பிறகு வெட்டுகிற அறையில் மூவியோலா எந்திரத்தில் போட்டுப் பார்த்தபோது, "உங்க பொண்டாட்டி அண்ணே, நீங்களே முடிவு பண்ணுங்க" என்று வெளியே சிகரெட் பிடிக்கப் போய்விட்டான். முடிவு செய்ய என்ன இருக்கிறது. முகம் தெரிந்தால் கதாநாயகி அவள் இல்லை என்று தெரிந்துவிடும். தோள் அசையத் தொடங்குகிற இடத்துக்குக் கொஞ்சம் முன்னால் வெட்டினார். அடுத்த ஷாட், நகரத்தில் ஒரு சமையலறை, கொதிக்கிற கெட்டில். ஒருவருக்கும் உறுத்தவில்லை. உறுத்தாததோடு போகவில்லை, அந்த வெட்டைப் பற்றிப் பேராசிரியர்கள் கட்டுரை எழுதினார்கள். இந்தக் கரையும் இல்லாமல் அந்தக் கரையும் இல்லாமல் நடுப்பாலத்தில் அந்தரத்தில் விடப்பட்ட அந்த முதுகு நம் தீவின் கதியேதான் என்று ஒருவர் எழுதியிருந்ததைச் சியூயுனுக்குப் படித்துக் காட்டினார். அவள் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். "கதியும் இல்ல ஒண்ணும் இல்ல. நீங்க பாக்கறீங்களான்னு திரும்பிப் பாத்தேன்."

அதிலிருந்து அது அவர்கள் வீட்டுப் பேச்சாகிவிட்டது. அவர் வேலை முடிந்து நேரம் கெட்ட நேரத்தில் வந்தால், "மெதுவா வாங்க லாவ் பெங், அவசரமில்ல, நான் பாலத்துலதானே நிக்கறேன்" என்பாள். லாவ் பெங் என்றால் கிழட்டு பெங். முப்பது வயதிலேயே அப்படித்தான் கூப்பிட்டாள். வீட்டுக்குள் எந்த மூலையில் இருக்கிறாள் என்று தெரியாமல் சத்தம் போட்டால், மாடியில் துணி உலர்த்தும் இடத்திலிருந்து பதில் வரும்: "பாலத்துல!" போன வாரம் நர்ஸ் நினைவைச் சோதிக்கிறதற்காகக் குனிந்து, இப்ப எங்க இருக்கீங்க தெரியுதா அத்தை என்று கேட்டாள். சியூயுன் பெங்கை ஒரு பார்வை பார்த்துவிட்டு, பாலத்துல என்றாள். நினைவு தடுமாறுகிறது என்று நர்ஸ் குறித்துக்கொண்டு போனாள். தடுமாற்றமா அது. அந்த அறையில் விஷயம் புரிந்து சிரித்தது அவர் ஒருவர்தான். மறுநாள் குழாய் போட்டார்கள், அதற்குப் பிறகு பேச்சில்லை. வெட்டியெடுத்த அந்த மீதி ஷாட்டை உலகத்தில் கடைசிவரை ஓட்டிப் பார்த்ததும் அவர் ஒருவர்தான். அதைப் பற்றி அவளிடம் விவரமாகச் சொன்னதே இல்லை, கேட்டதும் இல்லை அவள். திரும்பினாள், தேடினாள், பெட்டிமேல் இருக்கிறவரைப் பார்த்தாள், சிரித்தாள். குடை ஒரு பக்கம் சாய்ந்தது, பாலம் ஆடியது, சட்டென்று கயிற்றைப் பிடித்தாள். பிறகு போனாள், அந்தக் கரை வரைக்கும் முழுக்கப் போனாள். கோங்கும் கட் சொல்லவில்லை, ரோல் ஓடிக்கொண்டே இருந்தது. கரையில் சேறு. இறங்கி நின்று செருப்பை இரண்டு தட்டுத் தட்டினாள். அந்தத் தட்டலோடு ரோல் தீர்ந்து வெள்ளையாகிவிடும். கூடையில் கிடந்த துண்டுகளை ஃபிலிமிலிருந்து வெள்ளி பிரித்தெடுக்கிற ஆளுக்கு எடைக்குப் போட்டுவிடுவார்கள், அவன் கழுவி வெறும் பிளாஸ்டிக்காக்கிவிடுவான். கழுவிய தண்ணீரோடு அவளும் போய்விட்டாள். ஆனாலும் கண்ணை மூடினால் ஓடும். இப்போதும் ஓடுகிறது, குடை, கயிறு, சேறு. ஜன்னலில் ஒரு பச்சைப் பலகை கடந்துபோனது. லோங்தான்.

லோங்தான் என்றால், ஆற்றைத் தாண்டின பிறகு வருகிற ஊர். பெங் நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஆசுங், டாஹான் ஆறு எப்ப வரும்?" ஆசுங் கண்ணாடியில் அவரைப் பார்த்தான். "அது போயிடுச்சே மாமா. அப்பவே தாண்டியாச்சு." அப்பவே என்றால் எப்போது. நெடுஞ்சாலையில் பாலம் பாலமாகவே தெரிவதில்லை. அதே தார், அதே தடுப்புச் சுவர், அதே வேகம். ஆறு எங்கேயோ கீழே தன் பாட்டுக்குப் போய்க்கொண்டிருக்கிறது. "நான் சொன்னேனா?" என்று கேட்டார். யாலிங் பையையே பார்த்துக்கொண்டிருந்தாள். "நான் ஏதாவது சொன்னேனாம்மா?" "கண்ண மூடியிருந்தீங்க மாமா. தூங்கறீங்கன்னு நெனச்சு எழுப்பல." அவள் குரல் இறங்கியது. வழியிலேயே பெரிய ஆறு அதுதான். மெய்யுன் அதைப் பெயர் சொல்லியே சொல்லியிருந்தாள். "திருப்புங்க," என்றார் பெங். "வண்டியத் திருப்புங்க. அந்தக் கரைக்குப் போய்ட்டு வரலாம்." ஆசுங் நிதானமாகத்தான் பேசினான். "ரோட்டு நடுவுல திருப்ப முடியாது மாமா. லோங்தான்ல எறங்கி, மறுபடி ஏறி, ஆத்தத் தாண்டிப் போயி, அங்க எறங்கித் திரும்பணும். முக்கா மணி நேரமாவது ஆயிடும். நீங்க சொன்னா போறேன்." பெங் யாலிங்கைப் பார்த்தார். அவள் தலைக்கு மேலிருந்த சின்னத் திரையைப் பார்த்தாள். "பிரஷர் எறங்கிக்கிட்டே வருது மாமா. நேரா போனா அத்தைய வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சேத்துடுவேன். திரும்பினா வழியிலேயே ஆனாலும் ஆயிடும். என்னால அமுக்கத்தான் முடியும்." லோங்தான் இறங்குகிற பாதை வலப்பக்கத்தில் பிரிந்து வந்தது. ஆசுங் வேகத்தைக் குறைத்துக் காத்தான். ஒரு வாழ்நாள் பூராவும் இங்கே வெட்டு, இங்கே விடு என்று நொடியில் சொல்லிச் சொல்லியே சோறு தின்ற மனுஷனுக்கு வாய் வரவில்லை. "நேரா போங்க," என்றார் கடைசியில். பிரிந்த பாதை அந்தப் பக்கமாகப் போய்விட்டது.

நேராகப் போகச் சொல்லியாயிற்று. அப்படியானால் அவள் அங்கே நிற்கிறாள். வண்டி போக, மூச்சும் குழாயும் பையும் போக, அவள் மட்டும் டாஹான் ஆற்றின் அந்தப் பக்கத்தில், தூறலில், லாரிகள் போகிற ஓரத்தில், ஆஸ்பத்திரிச் சட்டையோடு நின்றுகொண்டிருக்கிறாள். இதெல்லாம் நம்பிக்கைதான், பெங் ஒன்றும் கோயில் கோயிலாக ஏறி இறங்குகிறவர் இல்லை. நம்பாதவர் ஏன் வண்டியின் பின்கண்ணாடியைத் திரும்பித் திரும்பிப் பார்க்கிறார். அவள் நம்பினாளே, தன் அம்மாவைக் கொண்டுபோனபோது ஒவ்வொரு மதகுக்கும்கூடக் குரல் கொடுத்தாளே, கைகாட்டி மரத்தைக்கூட விடவில்லையே. சும்மா ஒட்டிவிடலாம், அவருக்குத் தெரியாதா. ஆஸ்பத்திரி வாசல், கட், வீட்டு வாசல். பார்க்கிறவர்கள் எல்லோரும் வந்துவிட்டாள் என்றுதான் நினைப்பார்கள். மெய்யுன் எல்லாம் சொன்னீங்களா என்று கேட்பாள், தலையை ஆட்டினால் போதும். பெய்தோவிலிருந்து இன்றுவரை இதைத்தானே செய்தார், ஒருவராவது நடுவில் இருந்த பாலம் எங்கே என்று கேட்டதுண்டா. ஆனால் கேட்க வேண்டியவர்கள் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறவர்கள் இல்லையே. பார்க்கிறவனுக்குத்தான் வெட்டு ஒரு இமைப்பொழுது. உள்ளே மாட்டிக்கொண்டவளுக்கு அது எவ்வளவு நேரம் என்று அவர் ஒருநாளும் யோசித்ததில்லை. அவள் நாற்பது வருஷமாக அதைத்தான் கேலியாகச் சொல்லிக்கொண்டிருந்தாளோ, அவர்தான் கூடச் சேர்ந்து சிரித்துக்கொண்டிருந்தாரோ. சே, அப்படியில்லை, வேடிக்கைக்குத்தான் சொன்னாள். வேடிக்கைக்குத்தான். இப்போது வேடிக்கை இல்லை. களைப்பாக இருந்தது. இந்த ரப்பர் பை மாதிரி யாராவது தன்னையும் அமுக்கிவிட்டால் தேவலை. முன்னாலிருந்து ஆசுங், "இப்ப சொல்லிடுங்க மாமா, கேக்கும்," என்றான். "அழுதுக்கிட்டே மறந்துபோறவங்க எத்தனையோ பேரு. அவங்க வீட்டு ஆளுங்கல்லாம் வந்து சேரலையா என்ன?" பெங் அவள் காதருகில் குனிந்து, "சியூயுன், பாலம் தாண்டியாச்சு, வா" என்றார். சொன்ன குரல் அவருக்கே பொய்யாகக் கேட்டது, உதடு ஒரு பக்கமும் வார்த்தை ஒரு பக்கமுமாகப் போகிற மட்டமான டப்பிங் மாதிரி. தாண்டியாச்சு என்று யார் சொல்வது, தாண்டினவள் அல்லவா சொல்ல வேண்டும். அவளுக்குத் தாண்ட எவ்வளவு நேரம் ஆகும் என்று தெரிந்த ஒரே ஆள் அவர். ஒரு ரோல் முழுக்க ஆகும்.

நாற்காலியை விட்டு இறங்கி, வண்டியின் தரையில் முழங்காலைப் போட்டார். வலி உயிர் போயிற்று. போகட்டும். "சியூயுன்," என்றார். "குடைய எடுத்துக்கோ. நீலச் சட்டைதான் போட்டிருக்க, உள்பக்கமா ஊக்கு குத்தியிருக்கு, ஒண்ணும் ஆகாது. மொதப் பலகையில கால வை. வச்சிட்டியா. கீழ பாக்காத. ம், நட. அவசரமே இல்ல. கோங் கட் சொல்ல மாட்டான், நானும் சொல்ல மாட்டேன்." யாலிங் ஒரு தடவை நிமிர்ந்து பார்த்துவிட்டு மறுபடி குனிந்துகொண்டாள். குவான்சிக்கு வண்டி நெடுஞ்சாலையை விட்டு இறங்கியது, வளைவில் எல்லோரும் ஒரு பக்கமாகச் சாய்ந்தார்கள். "பாலம் ஆடுது பாரு, ஆடட்டும். கயிறு பக்கத்துலயே இருக்கு. மழ லேசாத்தான் இருக்கு. பாதி வந்துட்ட. இங்கதான் நான் வெட்டினேன். இப்ப வெட்டல. திரும்பணும்னா திரும்பு, யாரும் ஒண்ணும் சொல்ல மாட்டாங்க. இங்க பாரு, இங்க, கேமராவுக்கு இந்தப் பக்கம், பெட்டி மேல. பாத்துக்கிட்டுதான் இருக்கேன். எப்பவும் பாத்துக்கிட்டுதான் இருந்தேன் சியூயுன், ஒவ்வொரு துண்டா பாத்தேன்." குரல் உடைந்தது. உடைந்தாலும் நிறுத்தக் கூடாது, நிறுத்தினால் அவள் நின்றுவிடுவாள். "சிரிச்சிட்ட. குட சாயுது, புடி. கயித்தப் புடி. ம், சரி. போ இனிமே." வீட்டுக்குக் கிட்டே ஒரு சின்ன ஆறு உண்டு. அது வந்ததைப் பெங் பார்க்கவில்லை. ஆசுங்தான் பார்த்தான். அவர் பேச்சில் குறுக்கே விழாமல், கழுத்தை லேசாகப் பின்னால் திருப்பி, "அத்தை, இது இன்னொரு பாலம், சின்னது. இதையும் தாண்டி வந்துடுங்க" என்றான்.

வண்டி நின்றது. இன்ஜின் அடங்கியதும் மழைச் சத்தம் பெரிதாகக் கேட்டது. பின்கதவு திறந்தது. மெய்யுன் நின்றிருந்தாள், பின்னால் முன்கூடம் திறந்து கிடந்தது, பலகை தெரிந்தது, சிவப்புத் தாள் தெரிந்தது. "மாமா, வீடு வந்துடுச்சு," என்றாள் யாலிங். பெங் தலையைத் தூக்கவில்லை. "கொஞ்சம் இரும்மா. இன்னும் பாலம் இருக்கு." யாலிங் திரையைப் பார்த்தாள். கை மாற்றி அமுக்கினாள். மெய்யுன், "ஏன் எறக்கல? எல்லாம் சொன்னாரா இல்லையா?" என்று உள்ளே எட்டிப் பார்க்க வந்தாள். ஆசுங் நடுவில் வந்து நின்று, "சொல்லிக்கிட்டு இருக்காரு அத்தை, ஒரு நிமிஷம்," என்றான். அமுக்கு, விடு. அமுக்கு, விடு. அது பிந்துகிறதா முந்துகிறதா என்று பெங் பார்க்கவில்லை. "வந்துட்ட, வந்துட்ட. முன்னால மரம் தெரியுது பாரு. கயிறு கட்டியிருக்கற கல்லு தெரியுதா, அதுதான் முடிவு. கடைசிப் பலகை வழுக்கும், பாத்து. ம். மண்ணுல கால வை. சேறுதான், பரவாயில்ல. செருப்பத் தட்டு." அவர் காத்திருந்தார். கண்ணை மூடிக்கொண்டு, ஒரு தட்டு, இன்னொரு தட்டு, அந்தச் செருப்பிலிருந்து சேறு உதிர்வதைப் பார்த்தார். பிறகு கட்டிலின் விளிம்பைப் பிடித்து மெல்ல எழுந்து மெய்யுனைப் பார்த்தார்.

"வந்துட்டா," என்றார். "இப்ப எறக்குங்க."